மடியில் கனமில்லாதவருக்கும் வழியில் பயம் உண்டு



கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருக்கும்போது படியுங்கள். பத்து நாளாக வரும் போன்களுக்கும் வாட்ஸ்அப் செய்திகளுக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லி மாளவில்லை. அதனால் எல்லோருக்கும் சேர்த்து இங்கே எழுதிவிடுகிறேன்.

விஷயம் இதுதான். எங்கள் தெருவில் சிசிடிவி கேமரா வைக்கலாம் என்று குடியிருப்போர் கூடிப் பேசினோம். வீட்டுக்கு 1,500 ரூபாய் என்று முடிவானது. நான் அன்றைக்கே பணத்தைக் கொடுத்துவிட்டேன். கூடவே நான்கு கேள்விகள் கேட்டேன். அது வாய்விட்டு வாய் போய், "டீச்சர் கேமரா வேண்டாம்னு சண்டை போட்டாங்க" என்று ஆகிவிட்டது. சென்னையில் இருக்கும் என் அண்ணன் மகன், "என்ன அத்தை, போலீசையே எதிர்த்துப் பேசினீங்களாமே" என்று கேட்கிறான். காவல்துறையில் வேலை பார்க்கும் பழைய மாணவன் ஒருவன், "மடியில கனமில்லைன்னா வழியில பயமில்லைன்னு நீங்கதானே டீச்சர் சொல்லிக்கொடுத்தீங்க? தப்பு செய்யாதவங்களுக்குக் கேமராவால என்ன பயம்?" என்று எழுதியிருந்தான்.

நல்ல கேள்வி கேட்டிருக்கிறாய் கண்ணு. இந்தப் பதிவை உனக்குச் சொல்லும் பதிலாகவே வைத்துக்கொள். நான் படித்தது ஆசிரியர் பயிற்சிப் பட்டயம்தான், சட்டம் அல்ல. பள்ளிக்கூடத்தில் பார்த்ததையும், ஓய்வு பெற்ற பிறகு உட்கார்ந்து படித்துத் தெரிந்துகொண்டதையும் சொல்கிறேன்.

முதலில் கேமராவின் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். ஆடிக்கிருத்திகைக்கு நம் ஊர் எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மலைப்படி 365-லும் மஞ்சள் துணி, புஷ்பக் காவடி, சரவணப் பொய்கையில் கால் வைக்க இடம் இருக்காது. மைக்கில் தமிழிலும் தெலுங்கிலும் மாற்றி மாற்றி, காணாமல் போன குழந்தைகளின் சட்டை நிறத்தைச் சொல்லிக்கொண்டே இருப்பார்கள். பர்ஸ் போனவர்கள், சங்கிலி போனவர்கள் ஒருபக்கம் அழுதுகொண்டு நிற்பார்கள். அந்தக் கூட்டத்தில் கேமரா வைத்தால் ஒரு தாய்க்காவது பிள்ளை சீக்கிரம் கிடைக்கும். வேண்டாம் என்று யார் சொல்வார்கள்? நமக்குச் சோதனையும் புதிதில்லை. 1960-இல் ஆந்திராவிலிருந்து சென்னை மாநிலத்துக்கு வந்து சேர்ந்த எல்லை ஊர் நம்முடையது. நகரி போய் வருகிறவர்களுக்குப் பொன்பாடி சோதனைச் சாவடியில் பையைத் திறந்து காட்டியே பழக்கம்.

சென்னையில் 'மூன்றாவது கண்' என்று பெயர் வைத்து, கடைக்காரர்களையும் குடியிருப்பவர்களையும் கேமரா வைக்கச் சொல்லிப் போலீசார் கேட்டுக்கொண்டது உங்களுக்கு நினைவிருக்கும். 2021-இல் உலக நகரங்களை ஒப்பிட்டு வந்த ஒரு பட்டியலில், சதுர மைலுக்குச் சுமார் 610 கேமராக்களோடு சென்னை மூன்றாம் இடத்தில் இருந்தது. டெல்லி முதலிடம், லண்டன் இரண்டாமிடம். சங்கிலிப் பறிப்பு வழக்குகளில் அந்தக் கேமராக்கள் ஆளைக் காட்டிக்கொடுத்திருக்கின்றன. இதையெல்லாம் மறுக்கவில்லை.

இப்போது பழமொழிக்கு வருகிறேன். மடியில் கனமில்லை என்றால் வழியில் பயமில்லை. இது எப்போது உண்மை? வழியில் நிற்பவன் நம் மடியைப் பார்த்து, "கனமில்லை, நீ போ" என்று சொன்னால் உண்மை. மடியைப் பார்க்காமல் முகத்தைப் பார்த்தும், ஊரைக் கேட்டும், சாதியைக் கேட்டும் நிறுத்துகிறவன் நின்றால், மடி காலியாக இருந்து என்ன பயன்?

கதை சொல்லவில்லை. நம் தமிழ்நாட்டில் நடந்தது. வெள்ளைக்காரன் 1871-இல் குற்றப் பரம்பரைச் சட்டம் என்று ஒன்று போட்டான். 1911-இல் அது சென்னை மாகாணத்துக்கும் வந்தது. சில சாதிகளில் பிறந்தாலே குற்றவாளி. கைரேகை கொடுத்துப் பதிய வேண்டும். இரவில் காவல் நிலையத்திலோ ஊர்ப் பெரியவர் முன்னாலோ ஆஜராக வேண்டும். வெளியூர் போக அனுமதிச் சீட்டு வேண்டும். மதுரைப் பக்கம் மக்கள் அதை 'ரேகைச் சட்டம்' என்றே சொன்னார்கள். 1920 ஏப்ரல் 3-ஆம் தேதி உசிலம்பட்டி அருகே பெருங்காமநல்லூரில், ரேகை வைக்க மாட்டோம் என்று எதிர்த்து நின்றவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் செத்தார்கள். அந்தச் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947-இல் நீங்கியது, இந்தியா முழுவதும் 1952-இல்.

அந்த ஊரில் எத்தனையோ பேர் ஒரு முள்ளங்கிகூடத் திருடாதவர்கள். அவர்கள் மடியில் என்ன கனம் இருந்தது?

சட்டம் போய்விட்டது. பழக்கம் போனதா? நான் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். ஊர்ப் பெயரும் ஆள் பெயரும் சொல்ல மாட்டேன். அந்தப் பையன் இன்று குடும்பஸ்தன். அவன் கதையை எவ்வளவு சொல்வது என்பது அவன் முடிவு.

1990-களின் கடைசி. நான் வேலை பார்த்த ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளிக்கு, ஊருக்கு வெளியே இருந்த இருளர் குடியிருப்பிலிருந்து ஏழெட்டுப் பிள்ளைகள் வருவார்கள். நான்காம் வகுப்பில் ஒரு பையன். கணக்கில் கெட்டிக்காரன், வாய்பாட்டைத் தலைகீழாகச் சொல்வான். ஒரு வாரம் நான்கு நாள் தொடர்ந்து வரவில்லை. விசாரித்தால், பக்கத்து ஊரில் ஒரு வீட்டில் நகை திருட்டுப் போயிருக்கிறது, ராத்திரியில் ஜீப் வந்து அவன் அப்பாவையும் இன்னும் மூன்று பேரையும் கூட்டிப் போய்விட்டார்கள் என்றார்கள். தலைமை ஆசிரியரும் நானும் போய்க் கேட்டோம். எந்தக் காவல் நிலையம் என்பது வேண்டாம். அங்கே இருந்தவர் மரியாதையாகத்தான் பேசினார். "சும்மா விசாரணைக்குத்தான் டீச்சர். இந்த மாதிரி ஏதாவது நடந்தா முதல்ல இவங்களைத்தான் கூப்பிடுவோம். இவங்க பேரெல்லாம் லிஸ்ட்ல இருக்கு" என்றார்.

ஆறாம் நாள் விட்டுவிட்டார்கள். திருடியவர் வேறு யாரோ என்று பிறகு தெரிந்தது. பையன் மறுபடி வகுப்புக்கு வந்தான். ஆனால் அதற்குப் பிறகு பல மாதம், சாலையில் ஜீப் சத்தம் கேட்டால் வாய்பாடு பாதியில் நின்றுவிடும்.

அவன் எந்தத் தப்பும் செய்யவில்லை. அவன் அப்பாவும் செய்யவில்லை. பயம் மட்டும் இருந்தது.

அந்த லிஸ்ட் பற்றி எனக்கு இன்றுவரை மூன்று கேள்விகள் உண்டு. அதை யார் எழுதியது? எதை வைத்து எழுதியது? அதிலிருந்து ஒரு பெயரை எடுக்க வேண்டும் என்றால் யாரிடம் போய்க் கேட்பது? ஒரு பழைய நோட்டுக்கே இவ்வளவு கேள்வி என்றால், கோடிக்கணக்கான முகங்களை ஒரு நொடியில் ஒப்பிடும் கம்ப்யூட்டருக்கு எவ்வளவு கேட்க வேண்டும்?

இந்தக் கேள்விகள் என்னுடையவை மட்டுமல்ல. நம் நீதிமன்றங்களும் அறுபது வருடத்துக்கு மேலாக இதைப் பேசுகின்றன. உத்தரப்பிரதேசத்தில் கரக் சிங் என்று ஒருவர். கொள்ளை வழக்கில் சாட்சியம் இல்லை என்று விடுவிக்கப்பட்டவர். ஆனாலும் போலீசார் அவர் பெயரில் ஒரு பதிவேடு திறந்து, அவரைப் பின்தொடர்ந்தார்கள். நடு ராத்திரியில் கதவைத் தட்டி எழுப்பினார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. 1962-இல் தீர்ப்பு வந்தது. ராத்திரியில் கதவைத் தட்டக்கூடாது என்றது நீதிமன்றம். ஆனால் அந்தரங்கம் என்பது அடிப்படை உரிமை இல்லை, வெளியே பின்தொடரலாம் என்றும் பெரும்பான்மை நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். ஒருவர் அதை ஏற்காமல், கண்காணிக்கப்படுகிற மனிதனுக்குச் சுதந்திரம் எங்கே இருக்கிறது என்ற வழியில் தனியாக எழுதினார். அவர் நீதிபதி கே. சுப்பா ராவ், நம் பக்கத்து ஆந்திரக்காரர். நம் ஊரில் பிறந்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன் குடியரசுத் தலைவர் பதவியிலிருந்து ஓய்வு பெற்றபோது, 1967-இல் அந்தப் பதவிக்குப் போட்டியிட்டு ஜாகிர் உசேனிடம் தோற்றவரும் அவரே. நீதிபதி ஜே.சி. ஷாவும் அவரோடு சேர்ந்துகொண்டார்.

அந்தச் சிறுபான்மைக் கருத்து ஜெயிக்க 55 வருடம் ஆனது. கர்நாடக உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்து ஓய்வு பெற்ற கே.எஸ். புட்டசாமி, 2012-இல் தன் 86-ஆம் வயதில் ஆதாரை எதிர்த்து வழக்குப் போட்டார். ஓய்வு பெற்றவர்கள் சும்மா இருக்க வேண்டும் என்று சொல்பவர்கள் இதைக் கவனிக்கவும்! அந்த வழக்கில் 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகளும் ஒரே குரலில், அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று சொன்னார்கள். அரசு அதற்குள் நுழையவே கூடாது என்று அவர்கள் சொல்லவில்லை. நுழைய மூன்று நிபந்தனை வைத்தார்கள். அதற்கு ஒரு சட்டம் இருக்க வேண்டும். நோக்கம் நியாயமானதாக இருக்க வேண்டும். நோக்கத்துக்கு எவ்வளவு தேவையோ அந்த அளவோடு நிற்க வேண்டும். எலி பிடிக்க வீட்டைக் கொளுத்தக்கூடாது என்று நம் பாஷையில் சொல்லலாம். அடுத்த வருடம் ஆதார் தீர்ப்பு வந்தது. அரசின் நலத்திட்டங்களுக்கும் பான் அட்டைக்கும் ஆதார் செல்லும் என்றார்கள். வங்கிக் கணக்குக்கும் சிம் கார்டுக்கும் கட்டாயப்படுத்தக்கூடாது என்றார்கள்.

நம் சென்னை உயர் நீதிமன்றமும் 2025 ஜூலை 2 அன்று ஒரு தீர்ப்புச் சொன்னது. ஒரு லஞ்ச வழக்கில், சென்னையைச் சேர்ந்த ஒரு நிறுவன அதிகாரியின் போனை ஒட்டுக்கேட்க 2011-இல் மத்திய உள்துறை உத்தரவு போட்டிருந்தது. நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் அந்த உத்தரவை ரத்து செய்தார். 1885-ஆம் வருடத் தந்திச் சட்டப்படி, பொது அவசர நிலையோ பொதுப் பாதுகாப்புக்கு ஆபத்தோ இருந்தால்தான் ஒட்டுக்கேட்கலாம், சாதாரணக் குற்றத்தைத் துப்புத்துலக்க அதைப் பயன்படுத்த முடியாது என்றார். லஞ்சம் கெட்டதுதான். அதைப் பிடிப்பதற்கும் முறை உண்டு என்பது தீர்ப்பின் சாரம்.

ஆக, சட்டம் நம் பக்கம் இருக்கிறது, அப்புறம் என்ன கவலை என்று கேட்பீர்கள். நடைமுறையைப் பாருங்கள். 2021 அக்டோபரில் தமிழ்நாடு காவல்துறை முகமறியும் மென்பொருளை அறிமுகம் செய்தது. காணாமல் போனவர்களையும், அடையாளம் தெரியாத உடல்களையும் கண்டுபிடிக்க அது உதவும். நல்லது. ஆனால் 2024 மே மாதத்தில் அந்த முகமறியும் இணையதளத்துக்குள் வெளி ஆள் புகுந்துவிட்டார். நிர்வாகக் கணக்கு ஒன்றின் கடவுச்சொல் களவு போனதைக் காவல்துறையே ஒத்துக்கொண்டது. கடவுச்சொல் போனால் மாற்றிக்கொள்ளலாம். முகத்தை மாற்ற முடியுமா?

2022-இல் வந்த குற்றவியல் நடைமுறை அடையாளச் சட்டம், கைதாகிறவர்களிடம் ரேகையோடு கருவிழிப் பதிவும் எடுக்க வழி செய்தது. பதிவுகளை 75 வருடம் வைத்திருக்கலாம். குற்றமற்றவர் என்று விடுதலையானவரின் பதிவை அழிக்க வேண்டும் என்று சட்டத்தில் இருக்கிறது. ஆனால் நீதிமன்றம் காரணம் எழுதி வைத்திருக்கச் சொல்லலாம் என்றும் இருக்கிறது. எழுதப் படிக்கத் தெரியாத ஒரு கூலித் தொழிலாளி, "என் ரேகையை அழித்துவிட்டீர்களா ஐயா?" என்று எங்கே போய்க் கேட்பார்? 2023-இல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் வந்தது. கடைக்காரருக்கும் கம்பெனிக்கும் கட்டுப்பாடு உண்டு. ஆனால் நாட்டின் பாதுகாப்பு, பொது ஒழுங்கு போன்ற காரணங்களைச் சொல்லி, மத்திய அரசு தான் அறிவிக்கும் அரசு அமைப்புகளுக்கு விலக்கு கொடுத்துக்கொள்ளலாம்.

கேள்வி கேட்டால் பலன் உண்டு என்பதற்கும் உதாரணம் சொல்கிறேன். 2025 நவம்பர் கடைசியில், புதிய செல்போன்கள் எல்லாவற்றிலும் 'சஞ்சார் சாத்தி' என்ற அரசு செயலியைக் கட்டாயம் ஏற்றியே விற்க வேண்டும் என்று தொலைத்தொடர்புத் துறை உத்தரவிட்டது. தொலைந்த போனை முடக்க உதவும் செயலி அது, உபயோகமானதுதான். கட்டாயம் எதற்கு என்று நாடு முழுவதும் கேட்டார்கள். டிசம்பர் 3-ஆம் தேதி உத்தரவைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். வேண்டியவர்கள் இன்றும் தாங்களே ஏற்றிக்கொள்ளலாம்.

இனி எங்கள் தெரு விஷயம். நான் கேட்ட நான்கு கேள்விகளும் சட்டப் புத்தகத்திலிருந்து வந்தவை அல்ல. பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவை.

ஆசிரியரும் கண்காணிக்கிறவர்தானே? சேர்க்கைப் பதிவேட்டில் உங்கள் பிறந்த தேதி, சாதி, அப்பா தொழில், அங்க அடையாளம் எல்லாம் இருந்தது. உங்களில் யாருக்கு எங்கே மச்சம் என்று எனக்குத் தெரியும்! ஆனால் அந்தப் பதிவேடு தலைமை ஆசிரியர் அறையில் பீரோவில் பூட்டியிருக்கும். வருகைப் பதிவேட்டில் அடித்துத் திருத்தினால் சுருக்கொப்பம் போட வேண்டும். ஆண்டாய்வுக்கு வரும் அதிகாரி ஒவ்வொன்றையும் புரட்டிப் பார்த்துக் கேள்வி கேட்பார். நாங்கள் பள்ளி நேரத்தில் வெளியே போனால் நகர்வுப் பதிவேட்டில் எங்கே, எதற்கு, எத்தனை மணிக்கு என்று எழுதிவிட்டுப் போக வேண்டும். பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டிருந்த எங்களையும் ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார். எரிச்சலாகத்தான் இருக்கும். ஆனால் அதனால்தான் பெற்றோர் நம்பிப் பிள்ளைகளை அனுப்பினார்கள்.

அதையே தெருவில் கேட்டேன்.

ஒன்று, கேமரா எந்தப் பக்கம் பார்க்கும்? தெருவையா, எதிர்வீட்டு வாசலையா?

இரண்டு, பதிவு எங்கே இருக்கும்? எத்தனை பேர் போனில் தெரியும்?

மூன்று, எத்தனை நாளில் அழியும்?

நான்கு, யாராவது பழைய பதிவை எடுத்துப் பார்த்தால், யார், என்றைக்கு, எதற்காகப் பார்த்தார் என்று எழுதி வைக்க ஒரு நோட்டு உண்டா?

இரண்டாவது கேள்வியைக் கேட்டபோதுதான் ஏழு பேர் போனில் நேரடியாகத் தெரியும்படி ஏற்பாடு என்று தெரிந்தது. கூட்டம் முடிந்து வெளியே வரும்போது, ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கம்பெனிக்கு ஷிப்ட் வேலைக்குப் போகும் ஒரு பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நல்லவேளை கேட்டீங்க டீச்சர். நான் எத்தனை மணிக்கு வர்றேன், யார் பைக்ல வந்து இறங்குறேன்னு இப்பவே பேசுறாங்க. இனிமே படம் போட்டே பேசுவாங்க" என்றாள். திருடனுக்காக வைக்கிற கேமரா முதலில் பிடிப்பது யாரை என்று யோசித்துப் பாருங்கள்.

முடிவு என்ன ஆனது என்பதையும் சொல்லிவிடுகிறேன். போன் ஏழிலிருந்து இரண்டாகக் குறைந்தது. பதிவு 15 நாளில் அழியும். செயலாளர் வீட்டில் ஒரு 80 பக்க நோட்டு தொங்குகிறது. இதுவரை அதில் ஒரே ஒரு வரி, பைக் கண்ணாடி உடைந்ததற்காக. ஒரு விஷயத்தில் மட்டும் என் பேச்சு எடுபடவில்லை. மூன்றாவது கேமரா, எங்கள் தெருக்கோடியிலிருந்து காலனிக்குப் போகும் ஒற்றையடிப் பாதையைப் பார்த்தபடி இருக்கிறது. "அந்தப் பக்கம்தான் டீச்சர் பார்க்கணும்" என்றார்கள். இதுவரை எங்கள் தெருவில் நடந்த இரண்டு திருட்டும் மெயின் ரோடு பக்கமிருந்து வந்தவர்கள் செய்தது. சொல்லியும் பார்த்தேன். கை தூக்கச் சொன்னார்கள். என்னோடு சேர்த்து நான்கு கை. அடுத்த கூட்டத்தில் மறுபடி கேட்பேன்.

காவல்துறையில் இருக்கும் என் பிள்ளைக்கு: உன் வேலை கஷ்டமான வேலை. ஆடிக்கிருத்திகைக்கு மூன்று நாள் தூக்கமில்லாமல் நீ நிற்பதைப் பார்த்திருக்கிறேன். கேமரா உனக்கு உதவட்டும். ஆனால் திரையில் ஒரு முகத்தை மெஷின் காட்டி 'இவன்தான்' என்று சொன்னால், உடனே ஜீப்பை எடுக்காதே. மெஷின் ஆள் மாற்றிச் சொல்லும். அந்த வீட்டில் நான்காம் வகுப்புப் பிள்ளை ஒன்று இருக்கலாம்.

செல்போன் கடை வைத்திருக்கும் பிள்ளைகளுக்கு: சிம் வாங்க வருகிறவர்களின் ஆதார் நகலை மேஜை மேல் போட்டு வைக்காதீர்கள். பொட்டலம் மடிக்க அந்தக் காகிதம் வேண்டாம்.

உறவுகளுக்கு: உங்கள் தெருவிலும், அபார்ட்மெண்டிலும், பிள்ளைகள் படிக்கும் பள்ளியிலும் கேமரா இருக்கும். பணம் கொடுங்கள், தப்பில்லை. இந்த நான்கு கேள்விகளையும் கூடவே கேளுங்கள். கேட்பதற்குக் கூச்சமாக இருந்தால், "எங்க டீச்சர் கேட்கச் சொன்னாங்க" என்று என் மேல் பழியைப் போட்டுவிடுங்கள். எனக்குப் பென்ஷன் வருகிறது, யாரும் ஒன்றும் செய்ய முடியாது!

மாற்றுக் கருத்து இருப்பவர்கள் கீழே எழுதுங்கள். எழுத்துப்பிழைக்கு மதிப்பெண் குறைக்க மாட்டேன்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்,
திருத்தணி.